தெருமுனையில் பைக்கோடு நின்றவர் மீதும் கொலை வழக்கா?

கேள்வி:

ஐயா, என் தம்பிக்கு வயது 22. டூவீலர் மெக்கானிக் கடையில் வேலை பார்த்துவந்தான். சென்ற மாதம் அவனுடைய கூட்டாளிகள் மூன்று பேர், எங்கள் ஊர்க் கடைத்தெருவில் இரவு கடை அடைக்கும் நேரத்தில் ஓர் அடகுக்கடையில் பணம் பறிக்கப் போனார்கள். இருவர் உள்ளே போக, ஒருவன் ஷட்டர் அருகே நின்றிருக்கிறான். தம்பி கடைக்குள் போகவே இல்லை. தெருமுனையில் பைக்கை ஸ்டார்ட் செய்து வைத்துக்கொண்டு, யாராவது வந்தால் மிஸ்டுகால் கொடுப்பதற்காக நின்றிருக்கிறான். கடைக்காரர் பணப்பையை விடாமல் போராடியபோது, உள்ளே போனவர்களில் ஒருவன் இடுப்பிலிருந்து கத்தியை எடுத்துக் குத்திவிட்டான். பெரியவர் ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே இறந்துவிட்டார். ஒரு ரூபாய்கூட எடுக்காமல் எல்லாரும் ஓடியிருக்கிறார்கள். குத்தியவனைத் தம்பிதான் பைக்கில் ஏற்றி வந்திருக்கிறான். மூன்றாம் நாள் நான்கு பேரையும் பிடித்து, எல்லார் மேலும் கொலை வழக்கு போட்டுவிட்டார்கள். தம்பி நான்காவது எதிரி, அதாவது நான்காவதாகக் குற்றம் சாட்டப்பட்டவன். குத்தாதவன் மேல் எப்படிக் கொலை வழக்கு வரும்? எதுவுமே எடுக்கவில்லை என்றால் கொள்ளை எங்கே இருக்கிறது? கடையில் முன்பு வேலை பார்த்த ஒருவர்தான் துப்புக் கொடுத்தார் என்று அவரையும் தேடுகிறார்கள். அவரும் சேர்ந்தால் வழக்கு இன்னும் பெரிதாகுமாம். அன்று அவன் பாட்டி ஊரில் இருந்தான் என்று சொல்லிவிடலாம் என்கிறார்கள் உறவினர்கள். அப்ரூவர் ஆனால், அதாவது மன்னிப்புப் பெற்று அரசுத் தரப்புச் சாட்சியாக மாறினால், உடனே வெளியே வந்துவிடலாம் என்கிறார் இன்னொருவர். இறந்தவர் வீட்டில் போய்ப் பேசலாமா என்று அம்மா கேட்கிறார். நாங்கள் என்ன செய்வது?

— பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் கடிதத்தில் பல கேள்விகள் இருந்தாலும், அவற்றில் பெரும்பாலானவற்றுக்கான விடை நீங்கள் கேட்காமல் விட்ட ஒரு கேள்வியில்தான் அடங்கியிருக்கிறது. குத்தியவரின் இடுப்பில் கத்தி இருந்தது உங்கள் தம்பிக்கு முன்கூட்டியே தெரியுமா, தெரியாதா? கடிதத்தில் கத்தியைப் பற்றி ஒரே வரிதான் இருக்கிறது. வழக்கு முழுவதும் அந்த வரியைச் சுற்றித்தான் நடக்கப்போகிறது என்பதால், அதை விளக்குவதற்கே இந்தப் பதிலில் அதிக இடம் எடுத்துக்கொள்கிறேன்.

முதல் கேள்விக்கு நேரடியான விடை: ஆம், கத்தியைத் தொடாதவர் மீதும் கொலை வழக்குப் பதிவு செய்யச் சட்டத்தில் இடம் இருக்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 3(5) என்ற பிரிவு அதற்கு வழி செய்கிறது. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் இதுவே 34ஆம் பிரிவு. இன்றும் நீதிமன்ற வராண்டாவில் '302 உடன் 34' என்று (302 என்பது பழைய சட்டத்தின் கொலைப் பிரிவு) பேசிக்கொள்வதை நீங்கள் கேட்கலாம். பலர் தங்களுக்குள் பொதுவான ஓர் உள்நோக்கத்தோடு, அதை நிறைவேற்றுவதற்காக ஒரு குற்றச் செயலைச் செய்தால், அந்தச் செயலை ஒவ்வொருவரும் தனியாகவே செய்ததுபோல ஒவ்வொருவரும் அதற்குப் பொறுப்பாவார்கள் என்பது அதன் சாரம். இந்தப் பிரிவு தனியாக ஒரு குற்றத்தை உண்டாக்குவதில்லை, தனியாகத் தண்டனையும் சொல்வதில்லை. ஒருவர் கை செய்த காரியத்தை மற்றவர் கணக்கிலும் எழுதுவதற்கான விதி அது. எழுத வேண்டுமானால் 'பொது உள்நோக்கம்' இருந்தது என்று அரசுத் தரப்பு நிரூபித்தாக வேண்டும்.

உங்கள் தம்பியின் நிலையோடு ஒப்பிட்டுப் பார்க்க ஏற்ற ஒரு பழைய வழக்கைச் சொல்கிறேன். 1923 ஆகஸ்ட் 3 அன்று கல்கத்தாவின் சங்கரிதோலா அஞ்சல் நிலையத்தில், பின்னறையில் பணம் எண்ணிக்கொண்டிருந்த துணை அஞ்சல் அதிகாரியிடம் சிலர் வந்து பணத்தைக் கேட்டார்கள், கேட்ட சூட்டிலேயே கைத்துப்பாக்கியால் சுட்டார்கள், அவர் இறந்தார். பணம் எதையும் எடுக்காமல் அவர்கள் ஆளுக்கொரு திசையில் ஓடினார்கள். துரத்திப் பிடிக்கப்பட்டவர் பரேந்திர குமார் கோஷ் என்பவர். தான் அறைக்குள் போகவே இல்லை, வெளியே முற்றத்தில் பயந்து நின்றுகொண்டிருந்தேன் என்பது அவருடைய வாதம். அன்றைய இந்தியாவுக்கு இறுதி மேல்முறையீட்டு மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் வரை போன அந்த வழக்கில், முற்றத்தில் நின்றதால் மட்டும் அவர் தப்ப முடியாது என்று முடிவாயிற்று. பிற காரியங்களைப் போலவே குற்றத்திலும் வெறுமனே நின்று காத்திருப்பவரும் பணி செய்பவரே என்ற பொருளில் அந்தத் தீர்ப்பில் வரும் ஒரு வாசகத்தை, 1925ஆம் ஆண்டின் தீர்ப்புத் திரட்டில் அது அச்சேறிய நாள்முதல் இந்தியாவின் குற்றவியல் நீதிமன்றங்கள் திரும்பத் திரும்ப எடுத்தாண்டு வருகின்றன. உங்கள் தம்பியின் வழக்கிலும் அரசு வழக்கறிஞர் இதைத்தான் முதலில் எடுத்து வைப்பார். எனவே 'உள்ளே போகவில்லை' என்பது மட்டும் போதுமான வாதம் ஆகாது. காவலுக்கு நிற்பதும், தப்பிச் செல்ல வண்டியைத் தயாராக வைத்திருப்பதும் குற்றத்தில் பங்கெடுப்பதே. தெருமுனையில் நின்றதை வைத்து 'சம்பவ இடத்திலேயே இல்லை' என்று வாதிடுவதும் நடக்காது.

ஆனால் அந்த வழக்குக்கும் உங்கள் தம்பியின் வழக்குக்கும் இடையே ஒரு பெரிய வேறுபாடு இருக்கிறது. அங்கே பிடிபட்டவரின் கையிலேயே கைத்துப்பாக்கி இருந்தது. ஓடும்போது அவர் அதனால் பலமுறை சுட்டும் இருந்தார். துப்பாக்கிகளோடு பணம் கேட்கப் போகும் கூட்டத்தில், தானும் ஒரு துப்பாக்கியைச் சுமந்து போனவர், உயிருக்கு ஆபத்து நேரும் என்று எனக்குத் தெரியாது என்று சொன்னால் யாரும் நம்ப மாட்டார்கள். உங்கள் தம்பியின் கையில் இருந்தவை பைக் ஹேண்டிலும் செல்போனும் மட்டுமே. மிரட்டிப் பணம் வாங்கிவருவது என்பதுதான் நால்வரும் பேசிக்கொண்ட திட்டம் என்றால், அந்தத் திட்டத்துக்குள் கத்தி இருந்ததா என்று தனியாகப் பார்த்தாக வேண்டும்.

இதே பிரிவி கவுன்சில் 1945இல் மெஹபூப் ஷா வழக்கில் அந்த வேறுபாட்டை அழுத்தமாகச் சொன்னது. சிந்து நதியோரம் நாணல் அறுத்தது தொடர்பாக எழுந்த தகராறில் இருவர் துப்பாக்கியோடு வந்தார்கள். ஒருவர் சுட்டதில் ஓர் உயிர் போயிற்று, மற்றவர் சுட்டது வேறொருவரைக் காயப்படுத்தியது. இருவருக்கும் ஒரே மாதிரியான எண்ணம் இருந்திருக்கலாம், ஆனால் ஒரே மாதிரியான எண்ணம் வேறு, பொதுவான எண்ணம் வேறு என்று கூறி, கொன்றவரல்லாத மெஹபூப் ஷாவின் கொலைத் தண்டனையை நீக்கினார்கள். 1954இல் பாண்டுரங் வழக்கில் நமது உச்ச நீதிமன்றமும் இதையே பின்பற்றியது: செயலுக்கு முன்பே மனங்கள் ஒன்றுபட்டிருக்க வேண்டும், ஒரு திட்டம் உருவாகியிருக்க வேண்டும். அந்தத் திட்டம் நாள்கணக்கில் போட்டதாக இருக்க வேண்டியதில்லை. சம்பவ இடத்திலேயே, சில நொடிகளுக்குள்கூட உருவாகலாம் என்றும் நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன. இந்தக் கடைசி வரி உள்ளே நின்ற இரண்டாம் எதிரிக்குப் பெரிய ஆபத்து. குத்தும்போது அவர் பெரியவரின் கையைப் பிடித்திருந்தார் என்று சாட்சி வந்தால், அந்த நொடியில் அவர் மனமும் சேர்ந்துவிட்டது என்று முடிவு செய்ய அது போதும். கடைக்குள் நடப்பதைப் பார்க்க முடியாத தூரத்தில் நின்ற உங்கள் தம்பிக்கு, அப்படி அந்த நொடியில் உருவான எண்ணத்தில் பங்கு இருந்தது என்று சொல்வது அரசுத் தரப்புக்கு எளிதாக இருக்காது.

2001இல் சுரேஷ் எதிர் உத்தரப்பிரதேச அரசு வழக்கில் மூன்று நீதிபதிகள் கொண்ட அமர்வு, ஒரு குடும்பமே வெட்டிக் கொல்லப்பட்ட கொடிய சம்பவத்தில், வீட்டுக்கு வெளியே தெருவில் நின்றிருந்த ஒரு பெண்ணின் விடுதலையை உறுதி செய்தது. நின்றிருந்தார் என்பதற்கு மேல் அவர் செய்ததாக நம்பத்தக்க எதுவும் இல்லை என்பதே காரணம். உங்கள் தம்பியின் நிலை அதுவும் அல்ல, ஏனென்றால் அவர் நின்றது காவல் காக்கும் வேலைக்காகவே. பரேந்திர குமார் வழக்குக்கும் சுரேஷ் வழக்குக்கும் இடைப்பட்ட ஓர் இடத்தில் அவர் இருக்கிறார். எந்தப் பக்கம் சாய்வார் என்பது கத்தியைப் பற்றி அவருக்கு இருந்த அறிவைப் பொறுத்தது.

அந்த அறிவிலும் படிகள் உண்டு. கத்தி இருந்ததே தெரியாது, பணம் பறிப்பது மட்டும்தான் பேச்சு என்றால், கொலைக்கான பொது உள்நோக்கம் அவரிடம் இருந்தது என்பதை மறுக்க உங்கள் வழக்கறிஞருக்கு வலுவான பிடி கிடைக்கும். கத்தி இருந்தது தெரியும், ஆனால் காட்டி மிரட்டுவதற்கு மட்டுமே என்று பேசிக்கொண்டார்கள் என்றால், வழக்கு மிகவும் கடினமாகிவிடும். பணத்தைக் காப்பாற்ற ஒரு மனிதர் போராடுவார் என்பதும், போராடினால் இடுப்பில் உள்ள கத்தி வெளியே வரும் என்பதும் எவருக்கும் தெரிந்த விஷயம்தானே என்று அரசுத் தரப்பு கேட்கும்; அந்தக் கேள்வியில் நியாயம் இருக்கிறது. எதிர்த்தால் குத்து என்று பேசியே போனார்கள் என்றால், தெருமுனையில் நின்றவரும் குத்தியவரும் சட்டத்தின் கண்ணில் ஒருவரே. கொலைக்கான 103(1) பிரிவின் கீழ் மரண தண்டனை அல்லது ஆயுள் தண்டனை என்ற இரண்டைத் தவிர நீதிபதிக்கு வேறு வழி இல்லை.

மனத்துக்குள் இருந்ததை எப்படி நிரூபிப்பார்கள் என்று நீங்கள் கேட்கலாம். நேரடிச் சாட்சி கிடைப்பது அரிது, ஆகவே சூழ்நிலைகளிலிருந்துதான் ஊகிப்பார்கள். கத்தி எங்கே, எப்போது, யார் பணத்தில் வாங்கப்பட்டது, வாங்கும்போது யார் உடன் இருந்தார்கள், முந்தைய நாள்களில் கடையை நோட்டம் பார்க்க யார் யார் போனார்கள், வாட்ஸ்அப்பில் என்ன பேசிக்கொண்டார்கள், அன்று மாலை நால்வரும் எங்கே கூடினார்கள், கடைத்தெருக் கேமராவில் என்ன பதிவாகியிருக்கிறது, தம்பி மிஸ்டுகால் கொடுத்தாரா, இவையெல்லாம் ஒவ்வொன்றாக வரும். குத்தியவரை ஏற்றிக்கொண்டு போனதும் அவருக்கு எதிராகப் பேசப்படும். அது சம்பவத்துக்குப் பிந்தைய நடத்தை, முன்பே கத்தி தெரியும் என்பதற்கு அது மட்டும் சான்றாகாது என்று வாதிடலாம். ஆனால் இரத்தக்கறை பட்ட சட்டையையோ கத்தியையோ மறைக்க அவர் உதவியிருந்தால், தடயத்தை அழித்த குற்றமும் தனியாகச் சேரும்.

பொது உள்நோக்கம் நிரூபணமாகாவிட்டால் கொலைக் குற்றச்சாட்டிலிருந்து தானாகவே விடுபட்டுவிடலாம் என்றும் எண்ணிவிடாதீர்கள். அரசுத் தரப்புக்கு இன்னொரு வழி இருக்கிறது. ஒரு குற்றத்துக்கு உடந்தையாக இருந்தவர், அந்த உடந்தையின் விளைவாக நிகழக்கூடியதென்று எதிர்பார்க்கத்தக்க வேறொரு குற்றம் நடந்தால், அதற்கும் பொறுப்பாவார் என்கிறது 51ஆம் பிரிவு (பழைய 111). சட்டமே அங்கு ஒரு எடுத்துக்காட்டையும் தருகிறது: நள்ளிரவில் ஒரு வீட்டில் புகுந்து கொள்ளையடிக்க இருவரை ஒருவர் தூண்டுகிறார், அதற்காக ஆயுதங்களும் கொடுக்கிறார், வீட்டில் இருந்தவர் எதிர்க்க, அவர்கள் அவரைக் கொன்றுவிடுகிறார்கள், அந்தக் கொலை எதிர்பார்க்கத்தக்க விளைவு என்றால் தூண்டியவரும் கொலைத் தண்டனைக்கு உள்ளாவார். அந்த எடுத்துக்காட்டில் 'ஆயுதங்களும் கொடுக்கிறார்' என்ற சொற்களைக் கவனியுங்கள். இங்கும் கத்திதான் தீர்மானிக்கிறது.

நம் ஊரில் பலர், கொள்ளையில் ஓர் உயிர் போனால், கொள்ளையடிக்கப் போன எல்லாருமே கொலைகாரர்கள் என்று நினைக்கிறார்கள். அமெரிக்காவின் பல மாநிலங்களில் ஏறக்குறைய அப்படியொரு விதி இருக்கிறது. இங்கிலாந்து அதை 1957இல் கைவிட்டது. நம் சட்டம் நால்வர் விஷயத்தில் அப்படிச் சொல்வதில்லை. ஒரே செயலில் ஈடுபட்டவர்கள் வெவ்வேறு குற்றங்களுக்குப் பொறுப்பாகலாம் என்று 3(9) பிரிவு வெளிப்படையாகவே கூறுகிறது. நால்வரையும் ஒரே கயிற்றில் கட்டாமல் ஒவ்வொருவரின் மனநிலையையும் தனித்தனியே பார்க்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. அதே சமயம், அவர்கள் நால்வரும் அந்த இரவு அங்கே போகாதிருந்தால் ஒரு குடும்பம் தன் பெரியவரை இழந்திருக்காது என்பதையும் மறக்க முடியவில்லை.

இந்த இடத்தில் ஐந்தாவது நபர் என்ற கேள்விக்கு வருகிறேன், ஏனென்றால் ஐந்து என்ற எண் வந்தவுடன் சட்டம் மாறிவிடுகிறது. ஐந்து பேரோ அதற்கு மேலோ சேர்ந்து கொள்ளையடித்தாலும், கொள்ளையடிக்க முயன்றாலும், அது கூட்டுக்கொள்ளை. கூட்டுக்கொள்ளையின்போது அவர்களில் எவராவது ஒருவர் கொலை செய்தால், 310(3) பிரிவின்படி (பழைய 396) ஐவரும் மரண தண்டனைக்கோ, ஆயுள் தண்டனைக்கோ, பத்தாண்டுக்குக் குறையாத கடுங்காவலுக்கோ ஆளாவார்கள். அங்கே கொல்லும் எண்ணம் ஒவ்வொருவருக்கும் இருந்ததா என்ற ஆராய்ச்சியே தேவையில்லை. பழைய சட்டத்தில் பத்தாண்டு வரை என்று இருந்ததைப் புதிய சட்டம் பத்தாண்டுக்குக் குறையாமல் என்று ஆக்கியிருக்கிறது. எனவேதான் துப்புக் கொடுத்தவரைச் சேர்த்தால் வழக்கு பெரிதாகும் என்று உங்களிடம் சொல்லியிருக்கிறார்கள்.

ஆனால் அந்தப் பிரிவு யாரை எண்ணச் சொல்கிறது என்று பாருங்கள். கொள்ளையில் நேரடியாக ஈடுபட்டவர்களையும், அந்த இடத்தில் இருந்து உதவியவர்களையும்தான் எண்ண வேண்டும். தெருமுனையில் நின்ற உங்கள் தம்பி அந்தக் கணக்கில் வந்துவிடுவார். வீட்டில் இருந்தபடி தகவல் மட்டும் சொன்னவர் சதிக்கும் உடந்தைக்கும் பொறுப்பாவாரே தவிர, ஐந்தாவது தலையாக எண்ணப்பட மாட்டார். குற்றப்பத்திரிகையின் நகல் கைக்கு வந்ததும் உங்கள் வழக்கறிஞர் முதலில் பார்க்க வேண்டியது, அந்த நபர் சம்பவ இடத்தில் நின்றதாகக் காட்டப்பட்டிருக்கிறாரா, அப்படியானால் அதற்குச் சாட்சி யார் என்பதைத்தான்.

எதுவும் எடுக்கவில்லையே என்ற கேள்விக்குச் சுருக்கமாகவே பதில் சொல்ல முடியும். பணம் கைக்கு வராவிட்டாலும் கொள்ளை முயற்சி தனிக் குற்றம். 309(5) பிரிவின்படி ஏழாண்டு வரை கடுங்காவல் உண்டு. கொள்ளையிலோ கொள்ளை முயற்சியிலோ ஒருவர் வேண்டுமென்றே காயம் விளைவித்தால், அவரோடு சேர்ந்து அதில் ஈடுபட்ட மற்றவரும் 309(6) பிரிவின்படி ஆயுள் தண்டனைக்கோ பத்தாண்டு வரையான கடுங்காவலுக்கோ ஆளாவார். ஆகவே கொலைக் குற்றச்சாட்டிலிருந்து முழுமையாக விடுபட்டாலும், நீங்கள் சொன்னவை நிரூபணமானால், உங்கள் தம்பி தண்டனை இல்லாமல் வீடு திரும்புவது நடக்காது. கொலை வழக்கில் வெற்றி என்பது ஆயுள் முழுவதும் என்பது சில ஆண்டுகளாகக் குறைவதாகத்தான் இருக்கும். குடும்பம் அதற்கு இப்போதே மனத்தைத் தயார்ப்படுத்திக்கொள்வது நல்லது. கொடிய ஆயுதம் வைத்திருந்து கொள்ளைக்கு முயன்றவருக்குக் குறைந்தது ஏழாண்டு என்று சொல்லும் 312 போன்ற பிரிவுகள், ஆயுதம் வைத்திருந்தவருக்கு மட்டுமே பொருந்தும், கூட வந்தவர்களுக்கு அல்ல. அத்தகைய பிரிவில் வரும் 'குற்றவாளி' என்ற சொல் தனிநபரையே குறிக்கும் என்று டெல்லி பெட்ரோல் பங்க் கொள்ளை தொடர்பான பூல் குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1975இல் விளக்கியிருக்கிறது. அந்தப் பிரிவை உங்கள் தம்பி மீதும் போட்டிருந்தால் எதிர்க்கலாம்.

இப்போது பாட்டி ஊர். இதைப் பற்றி நான் சற்றுக் கடுமையாகவே எழுத வேண்டியிருக்கிறது. பல ஆண்டுகளுக்கு முன், ஏறக்குறைய இதே போன்ற வழக்கில் ஓர் இளைஞரின் குடும்பம் என்னிடம் வந்தபோது, அன்று பையன் ஊரிலேயே இல்லை என்று ஏற்கெனவே ஜாமீன் மனுவில் சொல்லப்பட்டிருந்தது. விசாரணையில் செல்போன் டவர் விவரமும் ஒரு டீக்கடைக் கேமராவும் வந்து சேர்ந்தன. அந்த வாதம் அரை மணி நேரத்தில் சரிந்தது. அதற்குப் பிறகு, கத்தி இருந்தது அவனுக்குத் தெரியாது என்று நான் சொன்ன உண்மையை நீதிபதி ஏற்க மறுத்தார். ஊரிலேயே இல்லாதவனுக்குக் கத்தியைப் பற்றித் தெரியுமா தெரியாதா என்ற கேள்வி எப்படி எழும் என்று அவர் கேட்டபோது என்னிடம் பதில் இல்லை. அங்கே இல்லை என்பதும், அங்கே இருந்தேன் ஆனால் கத்தி தெரியாது என்பதும் ஒன்றாக நிற்க முடியாத வாதங்கள். உங்கள் தம்பிக்கு மிஞ்சியிருக்கும் நல்ல வாதம் ஒன்றுதான். பொய்யைச் சொல்லி அதைக் கெடுத்துவிடாதீர்கள். தவிர, பொய்ச் சாட்சி சொல்லப் பாட்டியையும் கூண்டில் ஏற்ற நேரிடும்.

அதற்காகத் தம்பி காவல்துறையிடம் எல்லாவற்றையும் ஒப்புக்கொள்ள வேண்டும் என்று நான் சொல்லவில்லை. காவல்துறை அதிகாரியிடம் கொடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தை அவருக்கு எதிரான சான்றாகப் பயன்படுத்த முடியாது. அதன் பேரில் ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், அந்தக் கண்டெடுப்போடு தொடர்புடைய பகுதி மட்டும் ஏற்கப்படும். இந்த விதி அவருக்குச் சாதகமாகவும் வேலை செய்யும்: முதல் எதிரி காவல் நிலையத்தில் 'கத்தி அவனுக்கும் தெரியும்' என்று சொல்லியிருந்தாலும், அந்தச் சொல் உங்கள் தம்பிக்கு எதிரான சான்று ஆகாது. தனக்கு எதிராகச் சாட்சியாகும்படி எவரையும் கட்டாயப்படுத்தக் கூடாது என்று அரசியலமைப்பின் 20(3) பிரிவு கூறுகிறது. உண்மையை அவர் முழுமையாகச் சொல்ல வேண்டியது தன் வழக்கறிஞரிடம். அங்கே எதையும் மறைக்கக் கூடாது. நீதித்துறை நடுவர் முன் வாக்குமூலம் கொடுக்கச் சொன்னால், வழக்கறிஞரோடு பேசாமல் ஒப்புக்கொள்ள வேண்டாம். நடுவரும், வாக்குமூலம் தரக் கட்டாயமில்லை என்று அவரிடம் சொல்லியாக வேண்டும்.

அப்ரூவர் ஆனால் உடனே வெளியே வந்துவிடலாம் என்று சொன்னவர் சட்டத்தைப் படிக்கவில்லை. மன்னிப்பை வழங்குவது நீதிமன்றம். தனக்குத் தெரிந்தது முழுவதையும் உண்மையாகச் சொல்ல வேண்டும் என்ற நிபந்தனையோடு அது வழங்கப்படும். ஏற்கெனவே ஜாமீனில் இல்லாத அப்ரூவரை வழக்கு முடியும் வரை காவலிலேயே வைத்திருக்க வேண்டும் என்பதே சட்டத்தின் பொது விதி. பின்னர் சாட்சிக்கூண்டில் பேச்சை மாற்றினால், மன்னிப்பு போய், பழைய குற்றத்துக்கே விசாரணையைச் சந்திக்க வேண்டும். நான்காம் எதிரி என்ற நிலையில் அது யோசிக்கத்தக்க வழியாக இருக்கலாம். ஆனால் சீக்கிரம் வெளியே வருவதற்கான வழி அது அல்ல.

ஜாமீனைப் பொறுத்தவரை, கொலை வழக்கு என்பதால் மாவட்ட அமர்வு நீதிமன்றத்திலோ உயர் நீதிமன்றத்திலோதான் மனுச் செய்ய வேண்டியிருக்கும். தொடக்க வாரங்களில் கிடைப்பது கடினம். முதன்முதலில் ரிமாண்ட் செய்யப்பட்ட நாளிலிருந்து 90 நாள்களுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கலாகாவிட்டால், ஜாமீன் கேட்பது அவருடைய உரிமையாகிவிடும். ஆனால் அந்த உரிமையைக் கேட்டு மனுப் போட வேண்டும். மனுப் போடுவதற்கு முன் குற்றப்பத்திரிகை வந்துவிட்டால் உரிமை போய்விடும். ஆகவே ரிமாண்ட் தேதியை இன்றே ஒரு தாளில் எழுதி, 90ஆம் நாள் எது என்று வழக்கறிஞரிடம் கேட்டுக் குறித்து வையுங்கள். தமிழ்நாட்டில் இத்தகைய வழக்குகளில் கைதானவர்கள் மீது குண்டர் தடுப்புச் சட்டம் (1982இன் 14ஆம் சட்டம்) பாய்வதும் உண்டு. ஓராண்டு வரை காவலில் வைக்கும் ஆணை அது. ஜாமீன் கிடைத்தாலும் அந்த ஆணை தனியாக நிற்கும். ஆணை வந்தால் அரசுக்கு முறையீடு அனுப்புவதும் உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுத் தாக்கல் செய்வதும் தாமதிக்கக் கூடாத வேலைகள்.

அம்மாவின் கேள்விக்கு வருகிறேன். துக்கம் கேட்கப் போக வேண்டும் என்று அவருக்குத் தோன்றுவது எனக்குப் புரிகிறது. ஆனால் கொலை வழக்கைச் சமரசம் பேசி முடிக்கச் சட்டம் அனுமதிப்பதில்லை. பணம் கொடுத்தும் முடிக்க முடியாது. அந்த வீட்டில் உள்ளவர்கள் வழக்கின் சாட்சிகளாகவும் இருப்பார்கள். நீங்கள் எந்த நல்லெண்ணத்தோடு போனாலும், சாட்சியை மிரட்டினார்கள் அல்லது கலைக்க முயன்றார்கள் என்று அது எழுதப்படலாம், கிடைக்கவிருந்த ஜாமீனும் அதனால் கிடைக்காமல் போகலாம். எல்லாவற்றுக்கும் மேலாக, அந்தக் குடும்பத்தின் வாசலில் இப்போது உங்கள் அம்மா போய் நிற்பது அவர்களுக்கு இன்னொரு காயம். போக வேண்டாம், உறவினர் எவரையும் அனுப்பவும் வேண்டாம்.

தனியார் வழக்கறிஞரை வைக்க வசதி இல்லை என்றால், மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனுக் கொடுங்கள். காவலில் இருப்பவருக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவசச் சட்ட உதவி பெறும் உரிமையை 1987ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணைக்குழுச் சட்டம் தருகிறது; சிறையிலிருந்தே உங்கள் தம்பியும் அந்த மனுவைக் கொடுக்கலாம். 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

வழக்கறிஞரை அமர்த்தியதும், உறவினர்கள் யாரும் உடன் இல்லாமல், அவர் சிறையில் தம்பியைத் தனியாகப் பார்க்க ஏற்பாடு செய்யுங்கள். அந்தக் கத்தியை முதன்முதலில் எப்போது பார்த்தாய் என்று அவர் கேட்கட்டும். நீங்கள் கேட்க வேண்டாம். சிறையில் கைதியைப் பார்க்கும் இடத்துக் கம்பிக்கு இந்தப் பக்கம் நின்று அக்காள் கேட்டால் தம்பிக்கு உண்மை சொல்ல வராது, அவர் சொல்லும் பதிலை நாளை நீதிமன்றத்தில் நீங்கள் சொல்ல வேண்டிய நிலையும் வரலாம். வழக்கறிஞரிடம் சொன்னது மட்டுமே சட்டப்படி வெளியே வராது.